உடும்பு வெயில் காயும் வரை

வடிகால் பிரிவில் புதிதாகச் சேர்ந்திருக்கும் உங்களில் இரண்டு பேர் சென்ற வாரம் என்னைப் பார்க்க வந்திருந்தீர்கள். ஆற்றோரப் பலகைக் கதவை எப்போது இறக்குவது, எப்போது தூக்குவது என்று கேட்டீர்கள். அதற்கு அலுவலகத்தில் அட்டவணை இருக்கிறது. என்னைவிட அது தெளிவாகச் சொல்லும். அட்டவணையில் இல்லாத ஒன்றை எழுதித் தருகிறேன் என்று சொன்னேன். போன ஆண்டு ஓய்வு பெற்றதிலிருந்து எழுதுவதற்கு எனக்கு நேரமும் இருக்கிறது.

மலாக்காவில், காஜா பெராங்கில் சாலைக்கு அடியில் ஒரு மதகு இருக்கிறது. மேட்டிலிருந்து வரும் பெரிய வடிகாலான லோங்காங் அந்த மதகுக்குள் நுழைந்து, மறுபக்கம் வெளியே வந்து, கொஞ்ச தூரத்தில் பலகைக் கதவைத் தாண்டி ஆற்றில் விழுகிறது. கடல் ஏறும்போது பலகையை இறக்க வேண்டும். இறக்காவிட்டால் கடல் தண்ணீர் ஆறு வழியாக ஊருக்குள் வரும். கடல் வற்றும்போது தூக்க வேண்டும். தூக்காவிட்டால் மழைத்தண்ணீர் வெளியேறாது. மழைக்காலத்தில் இந்த இரண்டும் ஒரே நேரத்தில் நடக்கும் என்பதால் ஒவ்வோர் ஆண்டும் தீபாவளிக்குப் பிறகு தற்காலிகமாக எட்டுப் பேரை வேலைக்கு எடுப்போம்.

அந்த எட்டுப் பேர் எந்த நாள் வரை வேலையில் இருப்பார்கள் என்பதை நான் அங்கே ஓவர்சியராகப் போன காலத்தில் ஓர் உடும்பு தீர்மானித்துக்கொண்டிருந்தது.

நீங்கள் சிரிப்பீர்கள். நானும் முதலில் சிரித்தேன். ஆனால் நடைமுறை மிகவும் ஒழுங்காக இருந்தது. தீபாவளி முடிந்த முதல் வேலை நாளிலிருந்து எட்டுப் பேரும் காலையில் சங்கூல் மண்வெட்டியைக் கையில் எடுப்பதற்கு முன் மதகின் ஆற்றுப்பக்கச் சுவரில் வரிசையாக உட்காருவார்கள். கீழே கரையில் ஒரு பெரிய உடும்பின் வளை. மழைக்காலம் முழுவதும் அது தலையை மட்டும் காட்டிவிட்டு உள்ளே போய்விடும். எந்த நாளில் அது முழுதாக வெளியே வந்து, வயிற்றைக் கரையில் பரத்தி, காலை முழுவதும் வெயில் காய்கிறதோ அன்றோடு மழை முடிந்தது என்று கணக்கு. அன்றே எட்டுப் பேருக்கும் சம்பளம் முடித்து அனுப்பிவிடுவார்கள். ஓராண்டு தை மாதத்தில் வரும், ஓராண்டு மாசி வரை இழுக்கும். அடுத்த தீபாவளி வரை அவர்கள் பாசாரில் மூட்டை தூக்குவார்கள், தெங்கேராவில் படகுகளில் கூலிக்குப் போவார்கள், சில மாதங்கள் ஒன்றும் கிடைக்காமலும் இருப்பார்கள்.

கூலிகளின் மேஸ்திரியாக இருந்த பழைய மண்டோருக்குப் பிறகு அவர்களுக்குத் தலைவர் முனியாண்டி. என்னைவிடப் பதினைந்து வயதாவது மூத்தவர். அவரும் தற்காலிகம்தான். வாய்த்துடுக்குக்குச் சின்னப்பன் என்று ஒருவர் இருந்தார். மற்றவர்களை இங்கே பெயர் சொல்லி எழுதவில்லை.

சுதந்திரம் கிடைத்த ஆண்டில் எங்கள் வெள்ளைக்கார இன்ஜினியர் ஊர் திரும்பினார். அந்த இடத்துக்கு லிம் என்று பினாங்குக்காரர் ஒருவர் வந்தார். இளைஞர், வெளிநாட்டில் படித்தவர், நிதானமாகப் பேசுபவர். வந்த சில வாரங்களில் என்னை அறைக்கு அழைத்தார்.

“இந்த எட்டுப் பேரின் வேலை ஏன் ஒவ்வோர் ஆண்டும் வெவ்வேறு நாளில் முடிகிறது?”

உடும்பைப் பற்றிச் சொன்னேன். அவர் சிரிக்கவில்லை.

“இது மதமா, உத்தரவா?” என்று கேட்டார். “மதம் என்றால் நான் தொடமாட்டேன். நாடு புதிது, நானும் புதிது. இது உத்தரவு என்றால் யார் போட்டது, எதற்காகப் போட்டது என்று தெரிய வேண்டும். காரணம் இருந்தால் தொடரலாம். இல்லையென்றால் ஆண்டு முடிவோடு இவர்களை நிறுத்திவிடும்படி மேலிடத்தில் சொல்கிறார்கள். விசாரித்துச் சொல்லுங்கள்.”

அவர் கேட்டது நியாயமான கேள்வி. இளையவர் கேட்கிறார், வெளியூர்க்காரர் கேட்கிறார் என்று மனத்துக்குள் முறுக்கிக்கொள்ளாதீர்கள். நல்ல கேள்வி எந்த நாற்காலியிலிருந்து வந்தாலும் நல்ல கேள்விதான்.

முதலில் அலுவலகத்திலேயே கேட்டேன். கணக்கெழுதும் பழைய கிராணிகள் இருவர் என்னை ஆச்சரியமாகப் பார்த்தார்கள். “இது உங்க தமிழாளுங்க சாமி விஷயம் இல்லையா? தீபாவளிக்கு மறுநாள்தானே ஆரம்பிக்கிறாங்க? அதனாலதான் நாங்க தலையிடறது இல்ல.”

அடுத்து மதகுக்குப் போய் முனியாண்டியிடம் கேட்டேன்.

“சாமி விஷயமா? யாரு சார் சொன்னது?” என்றார் அவர். “இது கவர்மெண்டு உத்தரவு. பழைய மண்டோர் காலத்துல தொர போட்டது. நாங்க ஒரு நாளாவது தவறியிருக்கமா, கேட்டுப் பாருங்க.”

“தீபாவளிக்கு மறுநாள் ஏன் ஆரம்பிக்கணும்?”

“அன்னிக்குத்தானே சார் எங்கள வேலைக்கு எடுக்கிறீங்க. அதுக்கு முன்னாடி வந்து உட்கார நாங்க என்ன கிறுக்கா?” என்றார் சின்னப்பன்.

மதகின் மேல்பக்கம் லோங்காங்கை ஒட்டி ஒரு வரிசை வீடுகள். அதில் மிகத் தாழ்வான வீடு லெட்சுமியுடையது. மலாக்காச் செட்டி குடும்பம். வீட்டு வாசலில் மாவிலையும் உள்ளே சாமி படங்களும் இருக்கும், பேச்சு முழுவதும் மலாய். அவர்களுடைய பழக்கமாக இருக்கலாம் என்று நினைத்து அவரிடமும் கேட்டேன்.

“இத்து லு புன்யா ஓராங் புன்யா ஆடாட்,” என்றார் லெட்சுமி. அது உங்கள் ஆட்களுடைய வழக்கம் என்று பொருள். எஸ்டேட்டிலிருந்து வந்தவர்கள் கொண்டுவந்தது என்று தன் வீட்டில் எல்லோரும் நினைத்திருந்ததாகவும், அதனால்தான் தன் வீட்டு ஆண்கள் அந்த உடும்பைக் கல்லால் அடிப்பதில்லை என்றும் மலாயிலேயே தொடர்ந்து சொன்னார். “கோழிக்குஞ்சைத் தூக்கிப் போகும்போதுகூட நாங்கள் மரியாதைக்காகச் சும்மா இருக்கிறோம், அண்ணா.”

ஆக எல்லோரும் அது வேறொருவருடையது என்று நம்பி, அந்த வேறொருவருக்காக அதைக் காப்பாற்றிக்கொண்டிருந்தார்கள்.

இதற்கு மேல் தெரிந்தவர் ஒருவர்தான் இருக்க முடியும். உஜோங் பாசிரில் ஓய்வில் இருந்த பழைய பெரிய கிராணி. போர்த்துக்கீசிய வம்சத்தவர். அவரை எல்லோரும் டொமிங்கோ அங்கிள் என்போம். வேலையில் இருந்தபோது கூலிகளுக்கும் துரைக்கும் நடுவில் அவர்தான் மொழிபெயர்ப்பார். நல்ல தமிழ் பேசுவார், ஆனால் ஆண் பெண், பெரியவர் சின்னவர் பார்க்காமல் எல்லோரையும் “நீ” என்பார். நான் போனபோது வாசலில் பாயில் கெராகாவ் இறால் காய்ந்துகொண்டிருந்தது. பக்கத்தில் நாற்காலி போட்டுக் காக்கை விரட்டிக்கொண்டிருந்தார்.

“உடும்பா? அது இன்னும் நடக்குதா?” என்றவர், நாற்காலி ஆடும்படி சிரித்தார். சிரித்து முடித்தபின் சொன்னார்.

“உன் தொரைக்கு முன்னாடி ஒரு தொர இருந்தாரு. அவர் அம்மா ஜெர்மன் கிராமத்துக்காரி. பிப்ரவரி மாசம் எங்க கோயில்ல மெழுகுவத்தி மந்திரிக்கிற நாள் வரும், உனக்குத் தெரியுமா? ஒரு வருசம் அன்னிக்கு அவரும் என்கூடக் கோயிலுக்கு வந்தாரு. திரும்பி வரும்போது சொன்னாரு, எங்க அம்மா ஊர்ல இன்னிக்கு எல்லாரும் முள்ளெலி வளைகிட்டப் போய் நிப்பாங்கன்னு. சில ஊர்ல அது வேற மிருகமாம். பேர் மறந்துட்டேன். வெளிய வந்து தன் நிழலப் பார்த்துச்சுன்னா பயந்து உள்ள ஓடிடும், குளிர் இன்னும் இருக்குன்னு அர்த்தம். நிழல் விழலன்னா குளிர் முடிஞ்சிச்சு, ஏரைப் பூட்டலாம்.”

“இங்கே எப்படி வந்தது?”

“பேசிக்கிட்டே அந்த மதகுக்கு வந்தோம். உடும்பு வெயில்ல படுத்திருக்கு. தொர அதக் காட்டிச் சொன்னாரு, இதோ உங்க ஊர் முள்ளெலி, இந்த ஆளுங்க இன்னும் எத்தன நாளைக்கு வேணும்னு இதையே கேளுங்கன்னு. பழைய மண்டோர் தொப்பியக் கழட்டிக்கிட்டு நிக்கிறான். தொர என்ன சொன்னாருன்னு என்னைக் கேட்டான். சொன்னேன்.”

“தமாஷ் என்று சொல்லவில்லையா?”

“முள்ளெலிக் கதையோட சேர்த்து, தொர சொன்னத அப்படியே சொன்னேன். சிரிச்சத மட்டும் சொல்லல. சிரிப்ப எப்படி மொழிபெயர்க்கிறது, நீயே சொல்லு.”

அடுத்த ஆண்டு மண்டோர் துரையிடம் வந்து, உடும்பு இன்னும் வெளியே வரவில்லை, துவான், ஆட்களை நிறுத்த முடியாது என்று முறையாகச் சொல்லியிருக்கிறார். முந்தின ஆண்டு தான் சொன்னதைத் துரை எப்போதோ மறந்துவிட்டார். இது இவர்களுடைய நம்பிக்கை போலிருக்கிறது, கை வைக்காதே என்று டொமிங்கோவிடம் சொல்லியிருக்கிறார். அடுத்து வந்த துரையும் அதையே கேட்டு, அப்படியே விட்டிருக்கிறார்.

“நீங்கள் ஏன் அப்போதே சொல்லவில்லை அங்கிள்?”

“ரெண்டு பக்கமும் மரியாதையா இருந்தாங்க. நடுவுல போயி நான் எதுக்குக் கெடுக்கணும்? அப்புறம், என்னை யாரும் கேக்கல. நீதான் மொதல் ஆளு.”

வரும் வழியில் ஒன்றை யோசித்தேன். அந்த ஜெர்மன் ஊரில் வெயில் அடித்தால் குளிர் நீளும். எங்கள் ஊரில் உடும்பு வெயிலில் படுத்தால் மழை முடியும். வழியில் எங்கோ கதை தலைகீழாகிவிட்டது. அதைத் திருப்பியது பழைய மண்டோராகத்தான் இருக்க வேண்டும். குளிரையும் நிழலையும் வைத்துக்கொண்டு மலாக்காவில் அவர் என்ன செய்வார்? தனக்குத் தெரிந்த மழையையும் வெயிலையும் போட்டுக்கொண்டார்.

கதையின் வேர் கிடைத்துவிட்டது. சிக்கல் அங்கேதான் தொடங்கியது. இது மதம் என்று நான் சொன்னால் லிம் தொடமாட்டார். எட்டுப் பேரின் வேலையும் மாசி வரை பத்திரம். உண்மையைச் சொன்னால் இது ஒரு துரையின் தமாஷ். டிசம்பரோடு வேலை முடிந்தது.

மறுநாள் ஒட்டுக்கடையில் முனியாண்டி என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். கோப்பியை ஆற்றிக்கொண்டே, “என்ன சார் கண்டுபிடிச்சீங்க?” என்றார். மறைக்கத் தோன்றவில்லை. லிம் கேட்ட கேள்வியையும் டொமிங்கோ சொன்னதையும் முழுவதும் சொன்னேன். அவர் கோப்பியைக் கீழே வைத்தார்.

“சாமின்னே சொல்லிடுங்க சார்.”

“பொய் ஆகுமே, அண்ணே.”

“பொய்யா எதுக்குச் சொல்லணும்? நாளைக்குக் காலைல மதகுல ஒரு சூடம் கொளுத்திடறோம். உண்மையாயிடும்.”

பின்னால் நின்றிருந்த சின்னப்பன், “நான் வேணும்னா சாமியாடறேன். ஓவர்டைம் போட்டுக் குடுங்க,” என்றார்.

எல்லோரும் சிரித்தோம். ஆனால் முனியாண்டியின் யோசனை தவறு என்று எனக்கு அப்போதும் நிச்சயமாகச் சொல்ல முடியவில்லை. சூடம் கொளுத்துகிறவர்கள் மனத்தோடுதான் கொளுத்துவார்கள். பத்து ஆண்டு போனால் அது கோயிலாகவே ஆகியிருக்கும். வழக்கங்கள் அப்படித் தொடங்கியதே இல்லை என்று யார் சொல்ல முடியும்? லிம்மிடம் பதில் சொல்வதை அந்த வாரம் தள்ளிப் போட்டேன்.

அந்த வாரத்திலேயே ஒரு நாள் உடும்பு வெளியே வந்துவிட்டது.

இரவு முழுவதும் அடித்த மழை விட்டு, விடிந்ததும் பளிச்சென்று வெயில். நான் சைக்கிளை நிறுத்தும்போது எட்டுப் பேரும் சுவரில் உட்காராமல் நின்றுகொண்டிருந்தார்கள். கீழே உடும்பு முழுதாக வெளியே வந்து, கரையின் மேல் விளிம்பில் வயிற்றைப் பரத்திப் படுத்திருந்தது. தீபாவளி எண்ணெய்கூட வீட்டில் தீர்ந்திருக்காது. அவர்களே கட்டிக்காத்த கணக்குப்படி அவர்கள் வேலை அன்றோடு முடிந்தது.

“இது நம்ம உடும்பு இல்ல,” என்றார் சின்னப்பன்.

“பின்ன யாரோடது?”

“நம்மளது இன்னும் நீளம் சார். இது அதோட தம்பி. சும்மா பார்த்துட்டுப் போக வந்திருக்கு.”

“போன வருசமும் இதே மூஞ்சிதான்டா,” என்றார் இன்னொருவர், வருத்தத்தோடு.

முனியாண்டி மட்டும் என் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் என்ன சொல்லப்போகிறேன் என்று காத்திருந்தார்.

இந்த இடத்தில் உங்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். நெருக்கடி வரும்போது நம் முன்னால் ஒரு கேள்வி நிற்கும். அதற்கு ஆம் என்பதா, இல்லை என்பதா என்று நாம் திணறுவோம். அன்று என் முன்னால் நின்ற கேள்வி, உடும்பை ஒப்புக்கொள்வதா வேண்டாமா என்பது. அதையே பிடித்துக்கொண்டிருந்தால் ஒரு மணி நேரம் அங்கேயே வாதாடியிருப்போம். தற்செயலாக என் கண் உடும்பை விட்டுத் தண்ணீருக்குப் போனது. இரவு முழுவதும் மழை. மதகிலிருந்து வெளியே வரும் தண்ணீர் கணுக்கால் அளவுகூட இல்லை. பெய்த மழை எங்கே போனது?

தண்ணீர் அதிகமாக இருந்தால் எல்லோரும் பதறுவோம். குறைவாக இருந்தால் யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை. ஆற்றுப்பக்கச் சுவரில்தான் உட்காருவது வழக்கம். மேல்பக்கம் புதர். அங்கே யாரும் போவதில்லை.

சாலையைத் தாண்டி மேல்பக்கம் போனேன். லெட்சுமி வீட்டுப் பின்னால் கோழிக்கூட்டைத் தூக்கி மேடையில் வைத்துக்கொண்டிருந்தார். “ராத்திரி தண்ணீர் ஏறி வந்து கூட்டை நனைத்துவிட்டது, அண்ணா. இன்னும் இறங்கவில்லை,” என்றார். புதரை விலக்கிப் பார்த்தேன். லோங்காங் குளமாக நின்றது. கங்கோங் கொடிகள் மேலே படர்ந்து மூடியிருந்ததால் சாலையிலிருந்து பார்த்தால் வெறும் பச்சைதான் தெரியும். மதகின் வாயில் மூங்கில்கள். சுதந்திர நாளுக்காகத் தெருத் தெருவாகக் கட்டிய தோரண வளைவுகளைப் பிரித்து, யாரோ மேலே எங்கோ லோங்காங்கில் தள்ளியிருந்தார்கள். மூங்கிலும் அத்தாப்புக் கீற்றும் நனைந்த வண்ணத் துணியுமாக எல்லாம் வந்து மதகின் வாயை அடைத்திருந்தது. தேங்கிய தண்ணீர் சுவரோரமாகக் கசிந்து உடும்பின் வளைக்குப் பின்பக்கமாக இறங்கியிருக்கிறது. அது வெயில் காய வெளியே வரவில்லை. தன் வீட்டுக்குள் தண்ணீர் வந்ததால் வெளியேறியிருக்கிறது.

கடல் பக்கம் மறுபடி கறுத்துக்கொண்டு வந்தது. பிற்பகலில் பெரிய கடலேற்றம். அதற்குள் இந்த அடைப்பை எடுக்காவிட்டால் லெட்சுமியின் வரிசை வீடுகள் முழுகும். எடுக்க ஆட்கள் வேண்டும். ஆட்கள் அந்தக் காலையோடு வேலையில் இல்லை. நானாகப் புதிதாக ஆள் எடுக்க எனக்கு அதிகாரமும் இல்லை.

திரும்பி வந்து எட்டுப் பேர் முன்னால் நின்றேன். “நான் இன்னும் உடும்பைப் பார்க்கவில்லை,” என்றேன்.

அது எனக்குப் பத்தடி தூரத்தில் படுத்திருந்தது.

முனியாண்டி உடனே, “நாங்களும் பாக்கல சார்,” என்றார்.

சின்னப்பன் சங்கூலை எடுத்துக்கொண்டு, உடும்பு படுத்திருந்த கரையைச் சுற்றிக் கவனமாக நடந்து போனார். “எதப் பாக்கல?” என்றார்.

நண்பகல் தாண்டும்வரை மூங்கில் இழுத்தோம். பாதி வேலையில் மழை பிடித்துக்கொண்டது. கடைசி மூங்கில் கழன்று வந்தபோது தண்ணீர் ஒரே மூச்சாக மதகுக்குள் பாய்ந்தது. அடுத்த முடிவு அப்போது வந்தது. அட்டவணைப்படி பலகைக் கதவை இறக்க வேண்டிய நேரம் அது. இறக்கினால் தேங்கிய தண்ணீர் வெளியேறாமல் திரும்ப லெட்சுமி வீட்டுக்குப் போகும். இறக்காமல் தாமதித்தால் கடல் உள்ளே வரும். இரண்டு தண்ணீரும் சந்திக்கும் இடத்தில் ஓர் ஆள் நின்று பார்த்துச் சொன்னால்தான் சரியான நொடி தெரியும். முனியாண்டி இடுப்பளவு தண்ணீரில் கதவருகே இறங்கி நின்றார்.

அந்த நேரத்தில் லிம் குடையோடு வந்து சேர்ந்தார். கடிகாரத்தைப் பார்த்தார். “பலகை ஏன் இன்னும் இறங்கவில்லை?”

“இன்னும் கொஞ்சம் சார். மேலே இருக்கும் தண்ணீர் போகட்டும்.”

அவர் மேற்கொண்டு கேட்கவில்லை. அதற்காக அவரை இன்றுவரை மதிக்கிறேன். குடையை மடக்கிக் கைப்பிடிச் சுவரில் சாய்த்துவிட்டு, எங்களோடு சேர்ந்து நனைந்துகொண்டு தண்ணீரைப் பார்த்தார். முனியாண்டியின் இடுப்பைச் சுற்றி ஆற்றுப் பக்கம் ஓடிய குப்பை மெதுவாகி, நின்று, ஊர்ப் பக்கம் திரும்பத் தொடங்கியது. அவர் கையைத் தூக்கினார். பலகை இறங்கியது. லெட்சுமி வீட்டுப் படி நனைந்தது. உள்ளே வரவில்லை.

மழை ஓய்ந்தபின் லிம் கரையில் குவிந்திருந்த மூங்கில்களைப் பார்த்தார். பிறகு உடும்பைப் பார்த்தார். அவ்வளவு மழையிலும் அது விளிம்பை விட்டு நகரவில்லை. “இது எப்போதிலிருந்து இங்கே இருக்கிறது?”

“காலையிலிருந்து,” என்றேன். அத்தோடு டொமிங்கோ சொன்னதையும் சொன்னேன், சூடம் கொளுத்தலாம் என்ற யோசனையையும் சொன்னேன். மூங்கில் குவியலின் முன்னால் நின்றுகொண்டு எதையும் பாதியாகச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

லிம் முதல் முறையாகச் சிரித்தார். நன்றாகவே சிரித்தார். “சரி, அப்படியென்றால் உடும்பு சொன்னது சரியா, தவறா?”

“அது நம்மிடம் ஒன்றும் சொல்லவில்லை சார். அதற்கு உள்ளே இருக்க முடியவில்லை, வெளியே வந்தது. நாம்தான் தினமும் இங்கே வந்து பார்க்கிறோம். பார்க்க வந்ததால்தான் இதுவும் தெரிந்தது.”

இரண்டு நாளில் அவர் உத்தரவு எழுதினார். மழைக்காலத் தற்காலிக ஆட்கள் பெரிய ஏற்றங்கள் முடியும்வரை, அதாவது பிப்ரவரி இறுதிவரை, வேலையில் இருப்பார்கள். தினமும் காலையில் மதகின் இரண்டு பக்கமும் பார்க்கப்படும். உடும்பு என்ற சொல் அதில் இல்லை. எட்டுப் பேருக்கு அது முன்பு இருந்ததைவிட நல்ல ஏற்பாடு. எந்த நாளில் வேலை போகும் என்ற பயம் இல்லை. நானே மதகுக்குக் கொண்டுபோய்ப் படித்துக் காட்டினேன். சின்னப்பன், “உடும்புக்குப் பென்சன் உண்டா சார்?” என்று கேட்டார். மற்றவர்கள் மகிழ்ச்சியாகக் கலைந்து போனார்கள்.

முனியாண்டி மட்டும் நின்றார். “எழுத்துல இருக்கா சார்?”

“எழுத்தில்தான். கையெழுத்தும் இருக்கிறது.”

“அப்ப இன்னொருத்தர் இன்னொரு கையெழுத்துப் போட்டு நிறுத்தலாமா?”

“உத்தரவு என்றால் அப்படித்தான், அண்ணே. ஆனால் காரணத்தோடுதான் நிறுத்த முடியும்.”

அவர் தலையாட்டினார். குரலில் குற்றச்சாட்டு இல்லை. கணக்குப் பார்க்கிறவர் போலச் சொன்னார். “உடும்பு இருந்தவரைக்கும் அத நிறுத்தணும்னா யாரைப் போயி கேக்கிறதுன்னு ஒருத்தருக்கும் தெரியாது சார். ஆபீஸ் எங்களுக்கு மரியாத குடுத்துச்சு, நாங்க ஆபீசுக்கு மரியாத குடுத்தோம். இப்ப எல்லாருக்கும் தெரிஞ்சு போச்சு.”

அப்போது நான் அவருக்குத் தைரியம் சொன்னேன். லிம் இருந்தவரை என் சொல் பொய்க்கவில்லை.

அவர் மாற்றலாகிப் போனபின் வந்தவர் மதகை நேரில் பார்த்ததில்லை. வந்த முதல் ஆண்டிலேயே அந்த ஏற்பாட்டைச் செலவுக் குறைப்பில் ரத்து செய்தார். ஒரே வரி. காரணம் கேட்டு எழுதினேன். பதில் வரவில்லை. மறுபடி எழுதினேன். கடைசியில் அந்த ஒரு வரியை எடுத்துக்கொண்டு மதகுக்குப் போனேன். எட்டுப் பேரும் ஆற்றுப்பக்கச் சுவரில் உட்கார்ந்திருந்தார்கள். படித்தேன்.

வழக்கங்களின் வேரைத் தேடாதீர்கள் என்று உங்களிடம் சொல்லமாட்டேன். தேடியதால்தான் லிம்மிடம் உண்மையைச் சொல்ல முடிந்தது, அந்த ஆட்களுக்குச் சில நல்ல ஆண்டுகளும் கிடைத்தன. ஆனால் கிடைத்த பதிலை யார் கையில் ஒப்படைக்கிறீர்கள், அவருக்குப் பின் அது யார் கைக்குப் போகும் என்பதையும் சேர்த்து யோசியுங்கள். நான் முதலாவதை மட்டும் யோசித்தேன்.

நான் படித்ததை முனியாண்டி கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு கேட்டார். கையெழுத்தைப் பற்றி அன்று சொன்னதை அவர் எனக்கு நினைவூட்டவில்லை. மற்றவர்கள் சங்கூல்களைத் துடைத்து அடுக்கினார்கள். அவர் பலகைக் கதவின் சங்கிலியை இழுத்துப் பார்த்து, பூட்டைச் சரிபார்த்து, சாவியை என்னிடம் நீட்டினார்.

“இனிமே காலைல மேல்பக்கம் யாரு சார் போய்ப் பார்ப்பாங்க?”

என் கையிலிருந்த தாளைத் திருப்பிக்கூடப் பார்த்தேன். அதில் அதற்குப் பதில் இல்லை.